போர்டு போகவில்லை, ஹார்டு டிஸ்க் திணறுகிறது

கேள்வி: சார், எங்கள் வீட்டில் இருப்பது பழைய பிளேஸ்டேஷன் 4. மேல்மூடி பாதி பளபளப்பு, பாதி மங்கல் கறுப்பு. அண்ணன் 2014 கடைசியில் வாங்கினான். அவன் கத்தார் போய் நாலு வருஷமாகிறது. இப்போது நானும் ஐந்தாவது படிக்கும் என் மகனும் ஆடுகிறோம். ஆறு மாதமாக ஹேங் ஆகிறது. முதலில் பத்து, பதினைந்து விநாடி நின்று மறுபடி ஓடும். இப்போது நின்றால் நின்றதுதான், பவர் பட்டனை அழுத்திப் பிடித்து அணைக்க வேண்டியிருக்கிறது. சில சமயம் சிஇ-34878-0 என்று திரையில் வருகிறது. காலையில் போட்ட ஐந்தாவது நிமிடத்திலும் நிற்கும், ராத்திரி இரண்டு மணி நேரம் ஒழுங்காக ஓடவும் செய்யும். கேமே போடாமல் லைப்ரரியில் பட்டியலை உருட்டும்போதுகூட நின்றிருக்கிறது. கேம் டிஸ்க்கைத் துடைத்துப் பார்த்தேன். ஹேர் டிரையரில் குளிர்காற்று வைத்துத் தூசி ஊதினேன். இங்கே கடையில் காட்டினால், "சிப் லூஸ் ஆயிடுச்சு, போர்டுக்கு ஹீட் வைக்கணும், 6,500 ரூபாய், கேரண்டி கிடையாது" என்கிறார்கள். செய்யலாமா, இல்லை தூக்கிப் போட்டுவிட்டு வேறு வாங்கலாமா? இன்னொன்று: அண்ணன் வருஷக்கணக்கில் ஆடி வைத்த கிரிக்கெட் கேரியர் அதில் இருக்கிறது. அது போனால் அவன் என்னைச் சும்மா விடமாட்டான்.
— ஒரு வாசகி, திருச்சி

பதில்: ஹீட் வைக்கக் கொடுக்காதீர்கள். தூக்கிப் போடவும் வேண்டாம். நான் மெஷினைக் கையில் வாங்கிப் பார்க்கவில்லை, ஆனாலும் உங்கள் கடிதத்தைப் படித்தவரைக்கும் சந்தேகம் முதலில் போக வேண்டியது போர்டின் மேல் அல்ல, உள்ளே இருக்கும் ஹார்டு டிஸ்க்கின் மேல். அது கழற்றி மாற்றக்கூடிய பாகம். உங்கள் மாடலில் அதை மாற்ற மெஷினைப் பிரிக்கவே வேண்டாம்.

எப்படிச் சொல்கிறேன் என்றால், கடைக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் "ஹேங் ஆகுது" என்று ஒரு வார்த்தையோடு நிறுத்திக்கொள்வார்கள். எப்போது, எதைச் செய்யும்போது என்று கேட்டுக் கேட்டு வாங்க வேண்டும். நீங்கள் அதைக் கேட்காமலே எழுதிவிட்டீர்கள். காலையில் ஐந்தாவது நிமிடத்தில் நிற்கிறது. அந்த நேரத்தில் மெஷின் சூடாகியே இருக்காது. ராத்திரி இரண்டு மணி நேரம் ஓடுகிறது. சூடுதான் காரணம் என்றால் இது தலைகீழாக அல்லவா இருக்க வேண்டும்? அப்புறம் அந்த லைப்ரரி விஷயம். பட்டியலை உருட்டும்போது சிப்புக்குப் பெரிய வேலை எதுவும் இல்லை. வேலையெல்லாம் டிஸ்க்குக்குத்தான்: ஒவ்வொரு கேமின் படத்தையும் பெயரையும் தேடி எடுத்துக் கொடுக்க வேண்டும். அங்கே நிற்கிறது என்றால் எடுத்துக் கொடுப்பவரிடம்தான் ஏதோ கோளாறு.

உங்கள் மாடலோடு வந்தது 500 ஜிபி ஹார்டு டிஸ்க், லேப்டாப்பில் போடும் அதே இரண்டரை அங்குல வகை, நிமிடத்துக்கு 5400 சுற்று. பத்து வருஷத்துக்கு மேல் சுற்றியிருக்கிறது. இந்த வயதில் தட்டில் அங்கங்கே சில இடங்கள் பலவீனமாகும். அந்த இடத்தில் இருப்பதைப் படிக்கச் சொன்னால் டிஸ்க் உடனே "முடியவில்லை" என்று சொல்லாது. திரும்பத் திரும்பப் படித்துப் பார்க்கும். ரேஷன் கடையில் பழைய பேரேட்டில் ஒரு வரி அழிந்திருந்தால், எழுதுகிறவர் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து அதையே உற்றுப் பார்த்துக்கொண்டிருப்பாரே, அந்த மாதிரி. பின்னால் வரிசை மொத்தமும் நிற்கும். ஆரம்பத்தில் நீங்கள் பார்த்த பத்து, பதினைந்து விநாடி அதுதான்: கடைசியில் எப்படியோ படித்துவிட்டது, வரிசை நகர்ந்தது. இப்போது படிக்கவே முடியாத இடங்கள் வந்துவிட்டன, அதனால் நின்றால் நின்றதுதான். கெட்டுப்போன இடத்தைத் தொடாதவரை இரண்டு மணி நேரமென்ன, நாலு மணி நேரமும் ஓடும்.

சிஇ-34878-0 என்ற எண்ணைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். ஓடிக்கொண்டிருந்த கேம் நின்றுபோனது என்பதைத்தான் அது சொல்கிறது. ஏன் நின்றது என்று சொல்லாது. கேம் டிஸ்க்கைத் துடைத்ததில் தப்பில்லை, ஆனால் பிஎஸ்4-இல் டிஸ்க்கில் வரும் கேமும் முழுசாக ஹார்டு டிஸ்க்கில் ஏறித்தான் ஓடுகிறது. ஏறி முடிந்தபின் அந்தப் பளபளப்பான வட்டத்துக்கு சினிமா டிக்கெட்டின் வேலைதான்: உங்களிடம் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்வதற்கு. படம் நடுவில் அறுந்தால் டிக்கெட்டைத் துடைத்துப் பயனில்லை.

இனி வேலைக்கு வருவோம். முதல் வேலை அண்ணனின் கிரிக்கெட். இதை முடிக்காமல் வேறு எதையும் தொடாதீர்கள். இதை மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன். பிஎஸ்4 தன் டிஸ்க்கில் எழுதுவதை எல்லாம் பூட்டுப் போட்டுத்தான் எழுதும், அந்தச் சாவி அதே மெஷினோடு இருக்கிறது. டிஸ்க்கைக் கழற்றிக் கம்ப்யூட்டரில் மாட்டி சேவ் ஃபைலை (ஆட்டம் எதுவரை வந்தது என்ற பதிவை) எடுத்துவிடலாம், இன்னொரு பிஎஸ்4-இல் போட்டுப் பார்க்கலாம் என்பதெல்லாம் நடக்காது. உள்ளே இருக்கும்போதே, மெஷின் ஓடும்போதே எடுத்தால்தான் உண்டு.

சேவ் என்பது யூசருக்கு யூசர் தனி. நீங்கள் உங்கள் பெயரில் நுழைந்து பார்த்தால் அண்ணனுடையது கண்ணில் படாது. அண்ணனின் யூசரில் நுழையுங்கள். அது பிஎஸ்என் (பிளேஸ்டேஷன் நெட்வொர்க்) கணக்கோடு இணைந்திருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் முதலில் இணைத்துவிட்டு அப்புறம் நகல் எடுங்கள். இணைக்காத யூசரின் சேவ் ஃபைலை வேறு மெஷினுக்குக் கொண்டுபோக முடியாமல் பிறகு அவதிப்படுவீர்கள். மறுபடி லாக்இன் கேட்டால் ஓடிபி அண்ணன் போனுக்குப் போகலாம், கத்தாரில் அவர் டியூட்டியில் இல்லாத நேரமாகப் பார்த்து உட்காருங்கள். ஒரு பென் டிரைவ் வேண்டும். அது எஃப்ஏடி32 அல்லது எக்ஸ்எஃப்ஏடி ஃபார்மட்டில் இருக்க வேண்டும், என்டிஎஃப்எஸ் என்றால் மெஷின் கண்டுகொள்ளாது. செட்டிங்ஸில் அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட், அதற்குள் சிஸ்டம் ஸ்டோரேஜ், அதில் யுஎஸ்பிக்குக் காப்பி. கிரிக்கெட்டை மட்டும் முதலில் டிக் செய்து ஏற்றுங்கள். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் டிக் செய்தால், கெட்டுப்போன இடத்தில் இருக்கும் ஏதோ ஒரு கேமின் சேவ் எல்லாவற்றையும் சேர்த்து நிறுத்திவிடும். ஏறியதும் பென் டிரைவைக் கம்ப்யூட்டரில் போட்டு அந்த ஃபோல்டரை இன்னோரிடத்தில் ஒரு நகல் வைத்துக்கொள்ளுங்கள். டிராஃபிகள், அதாவது ஆட்டத்தில் ஜெயித்ததற்குக் கிடைத்த பதக்கங்கள், இந்த நகலில் வராது. டிராஃபி பக்கத்தில் போய் பிஎஸ்என்-உடன் ஒருமுறை சிங்க் கொடுத்துவிட்டால் அதுவும் பத்திரம்.

காலையில், மெஷின் ஓய்ந்திருந்து எழும்போது செய்யுங்கள். நடுவே நின்றால் அணைத்துப் போட்டு மறுபடி முயலுங்கள். மூன்று, நான்கு முறை ஆகலாம். பொறுமை வேண்டும்.

சேவ் கையில் வந்ததும், ஒரே ஒருமுறை டேட்டாபேஸை, அதாவது எது எங்கே இருக்கிறது என்ற உள்பட்டியலை, மறுபடி கட்டிப் பார்க்கலாம். கரண்ட் போய்ப் போய் வரும் வீடுகளில், எழுதிக்கொண்டிருக்கும்போதே அணைந்து, உள்ளே இருக்கும் பட்டியல் குழம்பியிருக்கும். டிஸ்க் நல்லதாக இருந்து பட்டியல் மட்டும் குழம்பியிருந்தால் இதிலேயே சரியாகிவிடும். செய்முறை இது: மெஷினை முழுசாக அணையுங்கள், ரெஸ்ட் மோடு போதாது. பவர் பட்டனைத் தொட்டபடி பிடித்திருங்கள். முதல் பீப் உடனே வரும், விட்டுவிடாதீர்கள்; ஏழு விநாடி கழித்து இரண்டாவது பீப். அப்போது விடுங்கள். சேஃப் மோடு என்ற பழுதுபார்க்கும் மெனு திறக்கும், கண்ட்ரோலரை யுஎஸ்பி கேபிளில் மாட்டி நடுவில் இருக்கும் பிஎஸ் பட்டனை அழுத்தச் சொல்லும்.

இந்த இடத்தில்தான் பலர் எனக்குப் போன் செய்வார்கள், "கண்ட்ரோலரை எடுத்துக்கவே மாட்டேங்குது" என்று. கண்ட்ரோலரில் கோளாறு இருக்காது, கேபிள்தான். நம் வீட்டு டிராயரில் கிடக்கும் பழைய மைக்ரோ யுஎஸ்பி கேபிள்களில் பாதி சார்ஜ் மட்டும் ஏற்றும் ரகம், உள்ளே டேட்டா கம்பியே இருக்காது. போனையும் கம்ப்யூட்டரையும் இணைத்துப் படங்களை மாற்றிய கேபிள் ஒன்று இருந்தால் அதைத் தேடி எடுங்கள்.

மெனுவில் ஐந்தாவது, ரீபில்டு டேட்டாபேஸ். அது கேமையும் சேவ் ஃபைலையும் அழிக்காது. ஆறாவதும் ஏழாவதும் அழித்துவிடும், மொத்தமாக. நிதானமாகப் படித்து அழுத்துங்கள். "ஓகே ஓகேன்னு அழுத்திட்டேன் சார்" என்று வந்த ஒரு கல்லூரிப் பையனின் முகம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. ஐந்தாவதும் சும்மா நடப்பதில்லை, டிஸ்க்கை நெடுக மேய்ந்துவிட்டுத்தான் முடியும். சில நிமிடத்திலும் முடியும், மணிக்கணக்கிலும் போகும். சாகக் கிடக்கும் டிஸ்க்குக்கு அது மலையேற்றம் மாதிரி, பாதியில் படுத்தாலும் படுத்துவிடும். அதனால்தான் சேவ் ஃபைலை முதலில் எடுக்கச் சொன்னேன்.

முடித்தபின் ஒரு வாரம் நிற்காமல் ஓடினால் நல்லது, அத்தோடு விட்டுவிடலாம். ஆனால் ஆறு மாதமாகப் படிப்படியாக மோசமாகியிருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். அதனால் டிஸ்க்கை வெளியே எடுத்துப் பார்ப்பதில்தான் இது முடியும் என்று நினைக்கிறேன்.

வயர்களை எல்லாம் பிடுங்கிவிட்டு மெஷினை மேசையில் வையுங்கள், முன்பக்கம் உங்களைப் பார்த்தபடி. இடப்பக்கம் இருக்கும் பளபளப்பான மூடி தனி. இரண்டு உள்ளங்கையையும் அதன் மேல் வைத்து லேசாக அமுக்கி இடப்பக்கமாகத் தள்ளுங்கள். "டக்" என்று விடும். முதல் தடவை பயமாக இருக்கும், உடைந்துவிட்டதோ என்று, உடையாது. உள்ளே ஒரு பெரிய ஸ்க்ரூ, அதன் தலையில் கண்ட்ரோலரில் இருக்கும் அதே முக்கோணம், வட்டம், பெருக்கல், சதுரம் நான்கும் பொறித்திருக்கும். கடையில் ஸ்டார் ஸ்க்ரூடிரைவர் என்று கேட்டால் தரும் பிளஸ் தலையே போதும். அதைக் கழற்றினால் தகர டிரேயோடு டிஸ்க் முன்னால் உருவிக்கொண்டு வரும். டிரேயில் நான்கு சின்ன ஸ்க்ரூ. அவ்வளவுதான்.

இனி நோயைக் கண்ணால் பார்க்கலாம். டிஸ்க்கின் இணைப்பு வகையான சாட்டாவிலிருந்து யுஎஸ்பிக்கு மாற்றும் கேபிள் ஒன்றை வாங்கியோ இரவல் வாங்கியோ டிஸ்க்கைக் கம்ப்யூட்டரில் மாட்டுங்கள். மாட்டியதும் விண்டோஸ் ஃபார்மட் செய்யவா, இனிஷியலைஸ் செய்யவா என்று ஏதாவது ஒன்று கேட்கும். கேன்சல். எத்தனை முறை கேட்டாலும் கேன்சல்; பூட்டுப் போட்ட டிஸ்க் அதன் கண்ணுக்கு வெறும் டிஸ்க்காகத்தான் தெரியும். கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ என்ற இலவச மென்பொருளைத் திறந்தால், தன் உடல்நிலை பற்றி டிஸ்க்கே எழுதி வைத்திருக்கும் கணக்குகள் வரிசையாக வரும். பூட்டு இந்தக் கணக்கைத் தடுக்காது. பார்க்க வேண்டியது இரண்டு வரிதான். ஒன்று, ரீஅலோகேட்டட் செக்டர்: கெட்டுப்போய் வேறிடம் மாற்றிய பகுதிகள். மற்றது, கரண்ட் பெண்டிங் செக்டர்: படிக்க முடியாமல் காத்துக் கிடப்பவை. இந்த இரண்டு வரியிலும் வலது ஓரத்தில் இருக்கும் மூல எண் பூஜ்யமாக இருக்க வேண்டும். பெண்டிங் வரியில் பூஜ்யம் இல்லாமல் ஏதாவது எண் இருந்தால், உங்கள் கேம் எங்கே நிற்கிறது என்பதற்குப் பதில் கிடைத்துவிட்டது. அந்த எண்கள் ஹெக்ஸ் முறையில் இருக்கும், நடுவில் ஏ, பி என்று எழுத்து வந்தால் குழம்பாதீர்கள்.

இரண்டும் பூஜ்யமாக இருந்தால்? நான் தப்பாகச் சொல்லியிருக்கிறேன் என்று வைத்துக்கொண்டு, கீழே சூடு பற்றி எழுதியிருப்பதற்குப் போய்விடுங்கள்.

புது டிஸ்க் வாங்குவதானால் சுற்றும் ரகம் வேண்டாம், சுற்றும் தட்டே இல்லாத எஸ்எஸ்டியே வாங்குங்கள். இரண்டரை அங்குல சாட்டா என்று கேட்டு வாங்குங்கள். சூயிங்கம் பட்டை மாதிரி இருக்கும் எம்.2 இதில் பொருந்தாது. ஒன்பதரை மில்லிமீட்டர் தடிமன் வரை இடம் இருக்கிறது, எஸ்எஸ்டிகள் ஏழுதான், சிக்கல் இல்லை. ஆக விலை கூடிய வேகமான எஸ்எஸ்டிக்குக் காசு கொட்ட வேண்டாம், அந்த வேகம் முழுவதையும் வாங்கிக்கொள்ளும் சக்தி இந்த மெஷினுக்கு இல்லை. அதேசமயம் பெயரே கேள்விப்படாத கம்பெனி, இரண்டு டெராபைட், நம்பமுடியாத விலை என்று வருபவற்றைத் தொடாதீர்கள். அப்படி ஒன்றை ஒரு வாடிக்கையாளர் கொண்டுவந்தார். திறந்தால் உள்ளே ஒரு மெமரி கார்டு பசை போட்டு ஒட்டியிருந்தது.

புது டிஸ்க் வெறுமையாக இருக்கும், அதில் சிஸ்டம் சாஃப்ட்வேரை ஏற்ற வேண்டும். பிளேஸ்டேஷன் தளத்தில் இரண்டு கோப்பு தருகிறார்கள். ஒன்று சாதாரண அப்டேட். இன்னொன்று மறுபடி நிறுவுவதற்கானது, அளவில் பெரியது, ஒரு ஜிபி அளவுக்கு இருக்கும். உங்களுக்கு வேண்டியது பெரியது. சின்னதைப் போட்டுவிட்டு "கோப்பு கிடைக்கவில்லை என்கிறது" என்று தலையைப் பிய்த்துக்கொள்பவர்கள் நிறைய. பென் டிரைவில் பிஎஸ்4 என்று ஆங்கிலப் பெரிய எழுத்தில் ஒரு ஃபோல்டர், அதற்குள் அப்டேட் என்று அதே மாதிரிப் பெரிய எழுத்தில் இன்னொன்று, அதற்குள் கோப்பு. கோப்பின் பெயரை மாற்றாதீர்கள். இரண்டு முறை டவுன்லோடு செய்து பெயரோடு அடைப்புக்குறியும் எண்ணும் ஒட்டிக்கொண்டால் மெஷின் அதைக் கண்டுகொள்ளாது. அப்புறம் சேஃப் மோடில், முன்னால் தொடாதே என்றேனே, அந்த ஏழாவது. இப்போது அழிக்க ஒன்றுமில்லை, தைரியமாகக் கொடுங்கள். முடிந்ததும் அண்ணனின் கணக்கில் நுழைந்து பென் டிரைவிலிருந்து சேவ் ஃபைலை இறக்கலாம். டிஸ்க்கில் வாங்கிய கேம்களை மறுபடி ஏற்ற வேண்டும், டிஜிட்டலாக வாங்கியவை கணக்கில் இருக்கும், இறக்கிக்கொள்ளலாம். வீட்டு பிராட்பேண்டைப் பொறுத்து ஒன்றிரண்டு ராத்திரி போகும்.

இனி சூடு. உங்கள் கோளாறு அது இல்லை என்றாலும் கவனிக்காமல் விட முடியாது. இந்த மெஷினுக்குச் சொல்லப்பட்ட அறை வெப்பம் 5 முதல் 35 டிகிரி வரை. திருச்சியில் கத்திரி வெயிலில் மாடி அறை எவ்வளவு இருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. அதையும் டிவி ஸ்டாண்டின் மூடிய அறைக்குள், பக்கத்தில் செட்டாப் பாக்ஸோடு வைத்திருந்தால் தன் வெந்த காற்றையே தான் குடித்துக்கொண்டிருக்கும். சூடு கோளாறின் நடை வேறு மாதிரி: அரைமணி, ஒரு மணி ஓடும், ஃபேன் மாவு மில் மாதிரி இரையும், மெஷின் சூடாகிவிட்டது என்று திரையில் எச்சரிக்கை வரும், சிவப்பு விளக்கோடு தானே அணையும். கேமில் பெரிய காட்சி வரும்போது நடக்கும், லைப்ரரியில் நடக்காது.

ஹேர் டிரையர் வேலைக்கு ஆகாது. வெளியிலிருந்து ஊதினால் தூசி, சிப்பின் சூட்டை வாங்கி வெளியேற்றும் ஹீட்சிங்க் என்ற உலோகப் பாகத்தின் இடுக்குக்குள் இன்னும் இறுகிப் போகும். காற்று இந்த மெஷினில் பக்கவாட்டில் நுழைந்து, ஃபேன் வழியாக ஹீட்சிங்க்கைத் தாண்டி, பவர் சப்ளைக்குள் புகுந்து பின்னால் வெளியேறுகிறது. தூசி தங்குவது நடுவழியில், திறந்தால்தான் போகும். பவர் சப்ளை உள்ளேயே இருக்கிறது, எப்போதும் இதமான சூடு, இருட்டு. கரப்பான்பூச்சிக்கு இதைவிட நல்ல வீடு கிடைக்குமா? நான் திறக்கும் பழைய பிஎஸ்4-களில் கரப்பான் குடும்பம் இல்லாததைப் பார்த்தால்தான் ஆச்சரியப்படுவேன். ஒன்றில் ஃபேன் இறகுக்குள் ஒரு பல்லி காய்ந்து ஒட்டியிருந்தது. சமையலறையை ஒட்டிய ஹாலில் வைத்திருந்தார்களாம்.

திறக்க, ஆறு முனை கொண்ட, நடுவில் ஓட்டை வைத்த டி8 ஸ்க்ரூடிரைவர் வேண்டும். பின்பக்க ஸ்டிக்கர்களுக்குள் ஸ்க்ரூ ஒளிந்திருக்கும். பழக்கமில்லை என்றால் இதை மட்டும் சர்வீஸுக்குக் கொடுங்கள், ஆனால் கேட்க வேண்டியதைத் தெளிவாகக் கேளுங்கள்: "தூசி எடுத்து, சிப்பில் பழைய பேஸ்டைத் துடைத்துப் புதுசு போடணும். பேட்களைக் கிழிக்காதீங்க." அந்தப் பேஸ்ட்தான் சிப்பின் சூட்டை ஹீட்சிங்க்குக்குக் கடத்துவது, பத்து வருஷத்தில் சுண்ணாம்பு மாதிரிக் காய்ந்து உதிரும். மெமரி சிப்களின் மேல் ஒட்டியிருக்கும் மெத்தை போன்ற பட்டைகள்தான் பேட். அழுக்கு என்று நினைத்துச் சுரண்டி எறிந்துவிடுபவர்களும் இருக்கிறார்கள். ஃபேனுக்குள் காற்று அடிக்கும்போது இறகை விரலால் பிடித்துக்கொள்ள வேண்டும், சுழல விட்டால் பேரிங் கெடும். திறந்த கையோடு போர்டில் இருக்கும் சிஆர்2032 பேட்டரியையும் மாற்றச் சொல்லுங்கள், வாட்சில் போடும் பேட்டரி மாதிரி, விலை சொற்பம். ஹேங் ஆவதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை, கடிகாரம் ஓடுவதற்காக இருப்பது.

அந்த "ஹீட் வைக்கிற" விஷயத்தைக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன், ஏனென்றால் இது ஒரு பழைய வியாதியின் வைத்தியம். மைக்ரோசாஃப்டின் கேம் மெஷினான எக்ஸ்பாக்ஸ் 360 வந்த புதிதில் மூன்று சிவப்பு விளக்கு எரிந்து செத்துப்போகும் கோளாறு உலகம் முழுக்கப் பரவி, 2007-இல் மைக்ரோசாஃப்ட் நூறு கோடி டாலருக்கு மேல் ஒதுக்கி வாரண்டியை மூன்று வருஷமாக நீட்டியது. அந்தக் காலத்தில் மெஷினைத் துண்டில் சுற்றி வேண்டுமென்றே சூடேற்றினால் சில நாள் உயிர் வரும் என்று ஒரு வித்தை கிளம்பியது. உயிர் வந்ததும் உண்மை, சில நாளில் மறுபடி போனதும் உண்மை. கடையில் போர்டுக்குச் சூடு வைக்கும் ஹீட் கன் அதன் தொழில்முறை அண்ணன். நின்று நின்று ஓடும் உங்கள் பிஎஸ்4-க்கு இது தேவையே இல்லை. நல்ல போர்டைக் கொண்டுபோய் அடுப்பில் காட்டுவதாகத்தான் முடியும். சிப்பிலோ மெமரியிலோ உண்மையான கோளாறு என்றால் திரையில் நிறம் நிறமாகக் கட்டங்களும் கோடுகளும் வரும், அல்லது நீல விளக்கு துடித்துத் துடித்துப் படமே வராமல் அணையும். இதெல்லாம் நீங்கள் எழுதவில்லை. கேரண்டி கிடையாது என்று அவரே சொல்லிவிட்டார், அந்த நேர்மையைப் பாராட்டலாம்.

இன்னொரு சின்னச் சோதனை. அடுத்த முறை நிற்கும்போது உடனே அணைக்காமல் எஜெக்ட் பட்டனைத் தொட்டுப் பாருங்கள். கேம் டிஸ்க் ஒழுங்காக வெளியே வந்தால் மெஷின் உயிரோடுதான் இருக்கிறது, படம் மட்டும் நின்றிருக்கலாம். அப்போது எச்டிஎம்ஐ கேபிளை மாற்றிப் பார்க்க வேண்டும். கேபிள் தளர்ந்து படம் உறைவதை ஹேங் என்று நினைத்து ஹார்டு டிஸ்க் வாங்கிவிடக் கூடாது.

இன்வெர்ட்டரில் ஓட்டுவதானால் அதன் பின்பக்கம் யுபிஎஸ் என்று ஒரு ஸ்விட்ச் நிலை இருக்கிறதா பாருங்கள். இருந்தால் அதில் வையுங்கள். கரண்ட் போனதும் சட்டென்று மாறும், மெஷின் அணையாது. புது டிஸ்க்கிலும் பட்டியல் குழம்பாமல் இருக்க அது உதவும்.

எஸ்எஸ்டியும் போட்டு, தூசியும் எடுத்து, பேஸ்டும் மாற்றி, அப்படியும் நின்றால்? அதற்கு மேல் இந்த மெஷினில் பணம் போடாதீர்கள். சேவ் கையில் இருக்கிறது. அதே கணக்கில் நுழைந்தால் இன்னொரு பிஎஸ்4-இல் அது திறக்கும். பிஎஸ்5-உம் பிஎஸ்4 கேம்களை ஓட்டும், பிஎஸ்4 சேவ் ஃபைலையும் பென் டிரைவிலிருந்து எடுத்துக்கொள்ளும். கேம் டிஸ்க்கில் இருந்தால் டிஸ்க் டிரைவ் உள்ள பிஎஸ்5 வேண்டும், டிரைவ் இல்லாத மாடலும் விற்கிறார்கள். வாங்கிய எஸ்எஸ்டியும் வீணாகாது, ஒரு பெட்டியில் போட்டால் கம்ப்யூட்டருக்கு ஆகும்.

கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ காட்டும் பக்கத்தை ஒரு போட்டோ எடுத்து எனக்கு அனுப்புங்கள், கடைக்குப் போகும் முன்னால் பார்த்துச் சொல்கிறேன். அந்த நாலு உருவம் போட்ட ஸ்க்ரூவைக் கழற்றியதும் செலோடேப்பால் மூடியின் உள்பக்கம் ஒட்டி வையுங்கள். அதைத் தொலைத்துவிட்டு வருபவர்கள் என் கடையில் அதிகம், தனியாக வாங்க அலைய வேண்டியிருக்கும்.